நடந்தே வருகிறான் வெர்ஜில்

மழை கொட்டுகிறது. மேகத்தைத் துளைத்து நிற்கும் ஒரு கோபுரத்தின் உச்சி. சிவப்புக் கோட்டு அணிந்தவன் துப்பாக்கியைத் தூக்கிச் சரமாரியாகச் சுடுகிறான். எதிரே நிற்கும் நீலக் கோட்டுக்காரன் ஒதுங்கவில்லை, குனியவில்லை. கையிலுள்ள வாளை முகத்துக்கு முன்னால் சக்கரமாகச் சுழற்றுகிறான். தோட்டாக்கள் அந்தச் சுழலில் சிக்கிக்கொள்கின்றன. பிறகு வாளைத் தரைக்குத் தாழ்த்துகிறான். தோட்டாக்கள் ஒன்றன்பின் ஒன்றாக, நூல் பிடித்ததுபோல், நேர்வரிசையில் தரையில் இறங்கி அமர்கின்றன. அதற்கப்புறம்தான் வீச்சு. வந்தவை வந்த வழியே திரும்பிப் பறக்கின்றன. சிவப்புக் கோட்டுக்காரன் தன் பெரிய வாளால் அவற்றைப் பிளந்து தப்புகிறான்.

கேப்காம் நிறுவனம் 2005-ல் வெளியிட்ட ‘டெவில் மே க்ரை 3’ விளையாட்டில் வருகிறது இந்தக் காட்சி. எத்தனை முறை பார்த்தாலும் என் கண் போய் நிற்பது, தோட்டாக்கள் தரையில் இறங்கும் அந்த ஓரிரு நொடியில்தான். பிடித்ததை அப்படியே திருப்பி அடித்திருக்கலாம். சண்டைக்கு அது போதும். அடுக்கிவைக்க வேண்டிய தேவை எதுவும் இல்லை. ஆனாலும் அடுக்குகிறான். உலகமே தலைகீழானாலும் தன் கைக்கு எட்டும் தூரத்துக்குள் ஒழுங்கு இருந்தாக வேண்டும் என்று நினைக்கிறவன் அவன். வெர்ஜில் என்ற பாத்திரத்தைப் பற்றி ஒரு வசனமும் சொல்லாததை அந்த வரிசை சொல்லிவிடுகிறது.

வீடியோ கேம்களில் முகம் இறுகிய, அதிகம் பேசாத, தனியே திரியும் எதிராளிகளுக்குப் பஞ்சமே கிடையாது. நாயகன் சிரித்தால் அவன் முறைப்பான். நாயகன் சிவப்பு என்றால் அவன் நீலமோ கறுப்போ. அச்சில் வார்த்ததுபோல் வந்துகொண்டே இருக்கிறார்கள். வெர்ஜிலும் அந்த அச்சில் பிறந்தவன்தான். இருந்தும், இருபது வருடத்துக்கு மேலாக அவன் மங்காமல் நிற்கிறான். அவனுடைய குணம் கதையில் இருப்பதைவிட விளையாட்டின் விதிகளில் இருக்கிறது என்பதே காரணம் என்று நினைக்கிறேன். அவன் எப்படிப்பட்டவன் என்பது பார்ப்பவரின் காதுக்குப் போவதற்கு முன்பே ஆடுபவரின் விரலுக்குப் போய்விடுகிறது.

கதையைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ஸ்பார்டா என்ற அசுரன் தன் இனத்தை எதிர்த்து மனிதர்கள் பக்கம் நின்றவன். அவனுக்கும் ஈவா என்ற மானுடப் பெண்ணுக்கும் பிறந்த இரட்டையர் டான்டேயும் வெர்ஜிலும். இருவருக்கும் தாய் ஆளுக்கொரு பதக்கம் தந்திருக்கிறாள். பிள்ளைகள் சிறுவர்களாக இருக்கும்போதே அசுரர்கள் வீடு புகுந்து எரித்து, தாயைக் கொல்கிறார்கள். பிரிந்து வளரும் பிள்ளைகளில் டான்டே மனிதப் பக்கம் சாய்கிறான். பலம் இருந்திருந்தால் அன்று எதையும் இழந்திருக்க மாட்டோம் என்ற ஒற்றைக் கணக்கோடு, தகப்பனின் அசுர பலத்தைத் தேடிப் புறப்படுகிறான் வெர்ஜில். பெயர்கள் இத்தாலியக் கவிஞர் தாந்தேயின் ‘தெய்வீகக் காவிய’த்திலிருந்து எடுத்தவை. அந்தக் காவியத்தில் நரகத்தின் வழியே தாந்தேயைக் கைபிடித்து அழைத்துப் போகிற வழிகாட்டி, பழைய ரோமானியக் கவிஞர் வெர்ஜில். விளையாட்டில் வரும் வெர்ஜிலோ, நீட்டிய கையைத் தட்டிவிட்டு நரகத்துக்குத் தனியே போகிறவன்.

ஆனால் 2001-ல் பிளேஸ்டேஷன் 2-க்கு முதல் ‘டெவில் மே க்ரை’ வந்தபோது வெர்ஜில் என்ற பெயரில் மோத யாரும் இல்லை. ஹிடெகி கமியா இயக்கிய அந்த விளையாட்டு, ‘ரெசிடென்ட் ஈவில்’ வரிசையின் நான்காம் பாகமாகத் தொடங்கி, வழியில் வேறு ஒன்றாக மாறிப்போனது. பாழடைந்த கோட்டையும் இருட்டும் அந்தப் பூர்வீகத்தின் மிச்சம். அங்கே டான்டே மோதுகிற ‘பாஸ்’ எனப்படும் பெரிய எதிரிகள் எல்லாம் மலைபோன்ற உருவங்கள்: எரிமலைக் குழம்பு வழியும் சிலந்தி, மின்னல் கக்கும் பறவை. நடுவில் ஒருவன் மட்டும் ஆள் உயரத்தில் வருகிறான். முழுக் கவசம் அணிந்த நீலோ ஏஞ்சலோ. அவனோடு மோதும்போது கைக்குச் சட்டென்று ஒரு வித்தியாசம் தெரியும். மிருகங்களிடம் தப்பி ஓடலாம், தூரத்திலிருந்து சுடலாம். இவனிடம் வாளுக்கு வாள்தான். இவன் ஆடுவது நம் ஆட்டம். வாள் பிடிக்கும் தோரணையில், பாய்ந்து வரும் வேகத்தில், விரலை அசைத்து ‘வா’ என்று கூப்பிடும் திமிரில் எங்கேயோ பார்த்த சாயல்.

முதல் மோதலின் முடிவில் டான்டேயின் கழுத்தைப் பிடித்துத் தூக்குகிறான். கொல்லப் போகும் நேரத்தில் மார்பில் தொங்கும் பதக்கம் கண்ணில் படுகிறது. தலையைப் பிடித்துக்கொண்டு அலறிப் பின்வாங்கி மறைந்துவிடுகிறான். ஏன் என்று யாரும் சொல்வதில்லை. மறுபடி வருகிறான், மறுபடி மோதுகிறான். கடைசியாக வீழும்போது, பதக்கத்தின் மற்றொரு பாதியை விட்டுவிட்டுப் போகிறான். இரண்டு பாதியும் சேர்ந்தால்தான் தகப்பனின் வாள் முழுமை பெறும். யாரை இவ்வளவு நேரம் வெட்டிக்கொண்டிருந்தோம் என்பது அப்போதுதான் உறைக்கிறது. தன் அண்ணனைத் தானே கொன்றிருக்கிறான் டான்டே. அசுர வேந்தன் முண்டஸ் வெர்ஜிலின் மனதை உருவி எறிந்துவிட்டு, கவசத்துக்குள் அடைத்து அடிமையாக வைத்திருந்திருக்கிறான்.

இந்தத் தொடர் செய்த மிகப் பெரிய நல்ல காரியம், இந்த முடிவை முதலிலேயே சொல்லிவிட்டு அப்புறம் ஆரம்பத்துக்குப் போனதுதான். இடையில் 2003-ல் வந்த இரண்டாம் பாகத்தைப் பற்றிப் பெரிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. டான்டேயை ஊமையாக்கி, சண்டையை உப்புச்சப்பில்லாமல் ஆக்கிய பாகம் அது. அதில் கடைசி நேரத்தில் பொறுப்பேற்ற ஹிடெயாகி இட்சுனோ, பட்ட கடனைத் தீர்ப்பதுபோல் மூன்றாம் பாகத்தை எடுத்தார். கதை முதல் பாகத்துக்கு முந்தைய காலத்தில் நடக்கிறது. டான்டேக்கும் வெர்ஜிலுக்கும் இளவயது. ஆடுகிறவருக்கு மட்டும் தெரியும், இந்த நீலக் கோட்டுக்காரன் எந்தக் கவசத்துக்குள் போய் முடியப் போகிறான் என்று.

மூன்றாம் பாகத்தில் வெர்ஜிலோடு மூன்று முறை மோத வேண்டும். விளையாட்டு முழுவதையும் தாங்கும் தூண்கள் இந்த மூன்று சண்டைகள். முதலாவது கோபுர உச்சியில், மழையில். அங்கே அவனிடம் இருப்பது யமாட்டோ என்ற வாள் ஒன்றுதான். டான்டேயை ஆடுகிறவர்கள் அதுவரை கண்மூடித்தனமாகப் பட்டன்களைத் தட்டியே வந்திருப்பார்கள். இவன் அந்தப் பழக்கத்தை அறுத்துவிடுகிறான். அவசரப்பட்டு வீசினால் தடுக்கிறான்; தடுத்த கையோடு திருப்பி அடிக்கிறான். எட்ட நின்று சுட்டால் தோட்டாவைத் தட்டிவிடுகிறான். தானாக ஓடிவந்து விழுவதும் இல்லை. நின்று பார்க்கிறான், நாம் தப்பு செய்யும்வரை காத்திருக்கிறான். அமெரிக்காவில் வெளியான பதிப்பின் சாதாரண நிலையே ஜப்பானியப் பதிப்பின் கடின நிலையாக இருந்தது. அந்தச் சண்டையில் மாட்டிக்கொண்டு விழிபிதுங்கியவர்கள் ஏராளம்.

சண்டையில் நாம் ஜெயித்தாலும் கதையில் ஜெயிப்பது அவன். டான்டேயை யமாட்டோவால் குத்திச் சாய்த்து, பதக்கத்தைப் பறித்துக்கொள்கிறான். இங்கே ஒரு சின்ன அசைவு வருகிறது. மழையில் நனைந்து அவனுடைய வெள்ளி முடி நெற்றியில் விழுந்து கிடக்கிறது. அந்த நிலையில் அவன் அச்சு அசலாக டான்டே. ஒரு கணம்தான். கையால் முடியை மேல்நோக்கி வாரி ஒதுக்குகிறான், மறுபடி வெர்ஜிலாகிவிடுகிறான். முறுக்கு, மிடுக்கு, ஸ்டைல் என்று இதைப் பார்த்துக் கைதட்டுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் வேறொன்றும் தெரிகிறது. தம்பியின் முகம் தன் முகத்தில் ஏறுவதை அவனால் ஒரு நொடிக்கு மேல் பொறுக்க முடியவில்லை. உடம்பில் பாதியாக ஓடும் மனித ரத்தத்தைத் தினமும் சீவித் தள்ள வேண்டியிருக்கிறது அவனுக்கு. பின்னால் வந்த பாகங்களிலும் இந்த முடி ஒதுக்குதல் அவனுக்கே உரிய அடையாளமாக நிலைத்துவிட்டது.

இரண்டாவது மோதலுக்குள் டான்டே புது ஆயுதங்கள், புது வித்தைகள் கற்றிருக்கிறான். வெர்ஜிலும் சும்மா இருக்கவில்லை. டான்டே அரைகுறையாக அடித்து விரட்டிய பியோவுல்ஃப் என்ற அசுரனை நொடியில் வெட்டிப்போட்டு, அதன் ஒளியைக் கைக்கும் காலுக்கும் கவசமாக மாட்டிக்கொண்டு வருகிறான். வாளோடு இப்போது குத்தும் உதையும். மூன்றாவது மோதலில் ஒரு கையில் யமாட்டோ, மறு கையில் தகப்பனின் வாள். நாம் வளர்கிற அளவுக்கு அவனும் வளர்கிறான் என்பதுதான் இதிலுள்ள நுட்பம். எத்தனையோ விளையாட்டுகளில் எதிராளி முதல் சந்திப்பில் மலையாகத் தெரிவான், கடைசியில் நாம் மலையாகிவிடுவோம். வெர்ஜில் விஷயத்தில் அந்த இடைவெளி குறையவே குறையாது. ஒவ்வொரு முறையும் ‘இப்போது பிடிபட்டுவிட்டான்’ என்று தோன்றும். ஒவ்வொரு முறையும் அவன் ஒரு படி மேலே நிற்பான்.

மூன்றாவதற்குச் சற்று முன்னால் ஒரு அத்தியாயம் வருகிறது. இருவரையும் ஏமாற்றி ஸ்பார்டாவின் பலத்தைக் கைப்பற்றிய ஆர்க்கம், அடங்காத சதைப் பிண்டமாகப் பெருத்து நிற்கிறான். டான்டே திணறும்போது வெர்ஜில் வந்து பக்கத்தில் நிற்கிறான். இரண்டாவது கன்ட்ரோலரை மாட்டினால் பக்கத்திலிருக்கும் இன்னொருவர் வெர்ஜிலை ஆடலாம். விளையாட்டு இதை முரசறைந்து சொல்வதில்லை; கண்டுபிடிக்கிறவர்களுக்கான பரிசு. துப்பாக்கியைத் தொடுவதே இழுக்கு என்று நினைக்கும் வெர்ஜில், முடிக்கும் நேரத்தில் டான்டேயின் ஜோடித் துப்பாக்கிகளில் ஒன்றை வாங்கிக்கொள்கிறான். சின்ன வயதில் சேர்ந்து சொன்ன ஒற்றைச் சொல்லைச் சேர்ந்தே சொல்லிச் சேர்ந்தே சுடுகிறார்கள். அடுத்த அரைமணி நேரத்துக்குள் ஒருவரை ஒருவர் வெட்டிக்கொள்ளப் போகிறார்கள் என்பது தெரிந்தே இதைக் காட்டுகிறார் இட்சுனோ. சகோதரர்கள் என்பதை வாய்கிழியப் பேசி நிரூபிப்பதைவிட, இரண்டு கன்ட்ரோலர் ஒரே எதிரியை அடிக்கும் அந்தச் சில நிமிடம் ஆழமாக இறங்குகிறது.

பிறகு அந்த மூன்றாவது சண்டை. அசுர உலகில், ஆழம் குறைந்த ஓடும் நீரில், அருவியின் விளிம்பருகே. ஜெயித்தாக வேண்டும், இல்லாவிட்டால் விளையாட்டு நகராது. ஜெயித்தால் அவன் விழுவான். விழுந்தால் முண்டஸின் கைக்குப் போவான். போனால் நீலோ ஏஞ்சலோ. கையில் கன்ட்ரோலரை வைத்திருக்கும் நாமே அவனை அந்தக் கவசத்துக்குள் தள்ளுகிறோம். சினிமாவோ நாவலோ இந்தப் பொறுப்பைப் பார்ப்பவரின் தலையில் இப்படி ஏற்ற முடியாது. விளிம்பில் டான்டே கையை நீட்டுகிறான். வெர்ஜில் அந்த உள்ளங்கையில் வாளால் ஒரு கீறல் போட்டுவிட்டு, பதக்கத்தோடு பின்னால் சாய்ந்து விழுகிறான். ஆழமான வெட்டில்லை, கீறல்தான். எனக்கு இங்கே அந்தக் கீறலின் அளவுதான் முக்கியம். கையைத் துண்டித்திருக்க முடியும் அவனால். பிடிக்க வராதே என்று சொல்லும் அளவுக்கு மட்டும் வெட்டுகிறான்.

இவ்வளவும் எதிரில் நின்று பார்த்த வெர்ஜில். அவனை நாமே ஆடும் வாய்ப்பு 2006-ல் வந்த ‘ஸ்பெஷல் எடிஷன்’ பதிப்பில் கிடைத்தது. கதையாக அதில் சேர்த்தது சொற்பம். ஒரு முன்னோட்டக் காட்சி, அதன்பின் அதே அத்தியாயங்கள். ஒரு விதத்தில் அந்தக் குறையே நிறைவாகிவிட்டது. வெர்ஜில் யார் என்பதை ஆட்டம் மட்டுமே சொல்ல வேண்டிய நிலை. டான்டேக்கு ஆயுதங்களும் பாணிகளும் மூட்டை மூட்டையாக உண்டு. கூத்தாடலாம், சறுக்கலாம், சூறாவளியாகச் சுழலலாம். வெர்ஜிலுக்கு மூன்றே ஆயுதம், ஒரே பாணி. இருந்த இடத்தில் மறைந்து எதிரியின் தலைக்கு மேல் தோன்றுவான். துப்பாக்கி பட்டனை அழுத்தினால் நீல ஒளியில் வாள்கள் காற்றில் முளைத்துப் பாயும். அதற்குக் கையைக்கூட அசைக்க மாட்டான்.

உண்மையான நுட்பம் அடுத்துத்தான் வந்தது. நான்காம் பாகத்தின் ‘ஸ்பெஷல் எடிஷன்’ 2015-ல் வெளியானபோது வெர்ஜிலுக்கென்று ஒரு மானி சேர்த்தார்கள். ‘கான்சன்ட்ரேஷன்’, மன ஒருமுகம். அது நிறைய நிறைய அவன் அடி பலமாகும், பெரிய வித்தைகள் திறக்கும். அது எப்படி ஏறும், எப்படி இறங்கும் என்பதைப் பாருங்கள். அடி சரியாக விழுந்தால் ஏறும். வீசிய வாள் வெறும் காற்றை வெட்டினால் இறங்கும். அடி வாங்கினால் இறங்கும். அசையாமல் நின்றாலோ நிதானமாக நடந்தாலோ ஏறும். ஓடினால் இறங்கும்.

ஓடினால் இறங்கும்! அதிரடி விளையாட்டு ஆடுகிற யாருக்கும் விரல் தானாக ஓடவே போகும். எதிரிகள் நாலாபுறமும் சூழ்ந்து வரும்போது பதறாமல் நடப்பது எப்படி? முதலில் பல்லைக் கடித்துக்கொண்டுதான் நடக்க வேண்டியிருக்கும். பிறகு மெல்ல விளங்கும். எதிரி அரிவாளை ஓங்குகிறான். அது இறங்க இன்னும் நேரம் இருக்கிறது. அதற்குள் மூன்று அடி நடக்கலாம். நடக்கிறோம். கடைசி நொடியில் மறைந்து அவன் முதுகுக்குப் பின்னால் நின்று ஒரே வெட்டு. மானி ஏறுகிறது. சில மணி நேரம் ஆடிய பிறகு நம் உடம்பே மாறியிருப்பதைக் கவனிக்கலாம்: தோள் தளர்ந்திருக்கும், மூச்சு சீராக இருக்கும், வீண் வீச்சு குறைந்திருக்கும். பதற்றத்தைக் காட்டினால் பலம் குறையும் என்ற விதியை ஏற்று ஆடுகிறவர், தெரியாமலேயே வெர்ஜிலின் உள்ளத்தில் குடியேறிவிட்டார். வீடு எரிந்த இரவில் பதறிய சிறுவன், இனி எப்போதும் பதறக் கூடாது என்று தனக்கே போட்டுக்கொண்ட சட்டம் அது. ஒரு பாத்திரத்தின் மனக்காயத்தைத் திரையோரத்தில் ஒரு சின்ன மானியாக வரைந்துவிட்டார்களே என்று இன்றும் வியக்கிறேன். வீடியோ கேம் என்ற கலையில் குணச்சித்திரம் தீட்டுவது எப்படி என்று யாராவது கேட்டால், நான் முதலில் காட்டுவது இதைத்தான்.

வாளைப் பற்றி எழுதாமல் வெர்ஜிலைப் பற்றி எழுத முடியாது. டான்டேயின் ரெபெல்லியன் மேலைநாட்டுப் பாணியில் அகன்ற, கனத்த வாள். முதுகில் உறையில்லாமல் கிடக்கும். யமாட்டோ ஜப்பானியக் கட்டானா. அதன் உறை எப்போதும் வெர்ஜிலின் இடது கையில். உறையிலிருந்து உருவும் அதே அசைவில் வெட்டி, மறுபடி உறையில் இடுவது ஜப்பானிய இயாய்டோ கலையின் அடிப்படை. அங்கே வாளை உறையிலிடுவது சண்டை முடிந்த பிறகு செய்யும் துப்புரவு வேலை இல்லை, கலையின் சரிபாதி. வெர்ஜிலை வடிவமைத்தவர்கள் இதை உள்வாங்கியிருக்கிறார்கள். இடது கட்டைவிரல் வாளின் கைக்காப்பை நெட்டி, உறையின் வாயிலிருந்து இரும்பு ஒரு விரற்கடை வெளியே எட்டிப் பார்க்கிறது. அவ்வளவுதான் நம் கண்ணுக்குத் தெரியும். அடுத்து தெரிவது, தூரத்தில் நிற்கும் எதிரியைச் சுற்றியுள்ள வெளி கோளமாகக் கிழிபடுவது. ‘ஜட்ஜ்மென்ட் கட்’ என்ற வித்தை இது. பட்டனை அழுத்திப் பிடித்து, சரியான நேரத்தில் விட்டால் இன்னும் கூர்மையாக விழும். தாளம் தப்பாதவர்கள் அடுத்தடுத்துத் தொடுக்கலாம்.

அதன் உச்சம் ‘ஜட்ஜ்மென்ட் கட் எண்ட்’. ஒருமுக மானி நிறைந்து, அசுர பலமும் கையிருப்பில் இருக்கும்போது அழுத்தினால் வெர்ஜில் திரையிலிருந்து காணாமல் போகிறான். திரை முழுதும் கோடு கோடாகக் கீறல். எதிரிகள் உறைந்து நிற்கிறார்கள். அவன் ஒரு முழங்காலைத் தரையில் ஊன்றியபடி மறுபடி தோன்றுகிறான். வாளை உறைக்குள் மெதுவாக, மிக மெதுவாக இறக்குகிறான். இன்னும் ஒன்றும் நடக்கவில்லை. கைக்காப்பு உறையின் வாயில் ‘க்ளிக்’ என்று அமர்கிற சத்தம் கேட்ட பிறகுதான் எல்லாரும் துண்டாகி விழுகிறார்கள். வெட்டு முன்னமே விழுந்துவிட்டது. அதன் பலன் மட்டும் அவனுடைய அனுமதிக்குக் காத்திருந்தது. இந்த மெதுவை வடிவமைத்தவருக்குச் சண்டையின் இலக்கணம் தெரிந்திருக்கிறது. அதிரடியில் வேகத்தை யாரும் காட்டிவிடலாம். வேகம் முடிந்தபின் எவ்வளவு நேரம் காக்க வைப்பது என்பதில்தான் ரசனை இருக்கிறது.

குரலும் உடலும் ஒருவரிடமிருந்தே வந்ததும் பெரிய கொடுப்பினை. மூன்றாம் பாகத்திலிருந்து வெர்ஜிலுக்கு ஆங்கிலத்தில் குரல் கொடுப்பவர் டேனியல் சவுத்வொர்த். அசைவுப் பதிவில் அவன் உடலாக நின்றவரும் அவரே. 2001-ல் ‘பவர் ரேஞ்சர்ஸ் டைம் ஃபோர்ஸ்’ தொலைக்காட்சித் தொடரில் சிவப்பு ரேஞ்சரோடு உரசிக்கொண்டே இருக்கும் குவாண்டம் ரேஞ்சராக நடித்தவர் இவர். எதிராளி வேஷம் அவருக்குப் புதிதில்லை. டான்டேக்குக் குரலும் உடலும் தந்த ரூபன் லாங்டன் வசனத்தை ஆட்டம்பாட்டமாக வீசுவார். சவுத்வொர்த் ஒவ்வொரு சொல்லையும் உறையில் போட்டு மூடுவதுபோல் முடிப்பார். காட்சிகளின் சண்டையை இயக்கிய யூஜி ஷிமோமுரா ஜப்பானியச் சண்டைப் படங்களிலிருந்து வந்தவர். கால் எங்கே ஊன்றுகிறது, எடை எந்தப் பக்கம் சாய்கிறது என்பது ஒவ்வொரு காட்சியிலும் தெளிவாகத் தெரிவதற்கு அவரும் காரணம்.

இதையெல்லாம் கழற்றிவிட்டால் வெர்ஜிலில் என்ன மிஞ்சும் என்பதற்கு ஒரு சான்று உண்டு. 2013-ல் இங்கிலாந்தின் நிஞ்சா தியரி குழு தொடரைப் புதிதாகத் தொடங்கி ஒரு பாகம் செய்தது. அதில் வரும் வெர்ஜில் தொப்பி அணிந்து, திட்டம் தீட்டி, இயக்கம் நடத்தி, நிறையப் பேசுகிறான். ஆட்டத்தில் குறையில்லை; நகரமே உயிர்பெற்று நெளிகிற அந்தக் கற்பனை எனக்கு மிகவும் பிடிக்கும். ஆனால் அந்த வெர்ஜில் மனதில் ஒட்டவில்லை. என்ன நினைக்கிறான் என்று எல்லாவற்றையும் வாயால் சொல்லிவிடுகிறான். நம் விரலுக்கு மிச்சம் வைக்கவில்லை.

அசல் வெர்ஜில் கதையோடு திரும்பியது 2019 மார்ச்சில், ஐந்தாம் பாகத்தில். முண்டஸின் பிடியிலிருந்து எப்படியோ மீண்டவன், சிதைந்துகொண்டிருக்கும் உடலோடு வருகிறான். நீரோ என்ற இளைஞனின் கையைப் பிய்த்து, அதற்குள் இருந்த யமாட்டோவை எடுக்கிறான். அந்த வாளால் தன்னையே இரண்டாகப் பிளக்கிறான். அசுரப் பாதி யுரிஸன்: சிம்மாசனத்தில் அமர்ந்த, பலம் தவிர வேறெதுவும் வேண்டாத பேருரு. மனிதப் பாதி வி: கைத்தடியூன்றி நடக்கும், உடம்பு உதிர்ந்துகொண்டே வரும், வில்லியம் பிளேக்கின் கவிதைப் புத்தகத்தைக் கையில் வைத்திருக்கும் மெலிந்த இளைஞன். யுரிஸன் என்ற பெயரே பிளேக்கின் புராணத்திலிருந்து வந்ததுதான். வியால் தன் கையால் சண்டையிட முடியாது. சிறுத்தையும் பறவையும் பூதமும் அவனுக்காக மோதும். அடித்துச் சாய்த்த பிறகு கடைசிக் குத்து மட்டும் அவனுடையது. அந்த மூன்றின் பெயரும் முதல் பாகத்தில் டான்டே வென்ற எதிரிகளின் பெயர்கள். முண்டஸின் சிறையில் வெர்ஜில் கண்ட கெட்ட கனவுகளே இப்படி உருக்கொண்டு துணைக்கு வந்திருக்கின்றன. விதியால் குணத்தை எழுதும் அதே கைவேலை இங்கும்: பலத்தை மட்டும் நம்பியவன், பலமே இல்லாத உடம்பில் மற்றவர்களை நம்பி ஆட வேண்டியிருக்கிறது.

ஆடும்போது வி அலாதியானவன். கதையில் அவன் வந்த இடம் எனக்குக் கொஞ்சம் நெருடும். உள்ளுக்குள் ஒரே ஆளாக இருந்து புழுங்கியவனை நல்ல பாதி, கெட்ட பாதி என்று பிரித்துக் காட்டியதில் ஏதோ எளிதாகிவிட்டது. மூன்றாம் பாகத்தின் அந்த முடி ஒதுக்கும் அசைவில் இரண்டு பாதியும் ஒரே முகத்தில் இருந்தன. ஆனாலும் இந்தப் பாகம் ஒரு பழைய கணக்கைத் திறந்து காட்டியதற்கு நான் நன்றியோடு இருக்கிறேன். வீடு எரிந்த இரவில் தாய் டான்டேயை அலமாரிக்குள் ஒளித்துவைத்துவிட்டு, வெளியே இருந்த வெர்ஜிலைத் தேடிப் போகிறாள். போனவள் திரும்பவில்லை. அம்மா தம்பியை மட்டும் காப்பாற்றினாள் என்ற எண்ணத்தோடு வளர்ந்தவன், உண்மையில் தேடப்பட்டவன். அத்தனை வருடத்துப் பலத் தேடலும் ஒரு தப்பான கணக்கின்மேல் கட்டியது. இதை யாரும் உட்கார்ந்து அவனுக்கு விளக்குவதில்லை. அந்தக் கட்டுப்பாடு பிடித்திருக்கிறது.

2020 நவம்பரில் ஐந்தாம் பாகத்துக்கும் ‘ஸ்பெஷல் எடிஷன்’ வந்து வெர்ஜில் மறுபடி நம் கைக்கு வந்தான். ஒருமுக மானி அப்படியே இருக்கிறது. கூடவே அவனுடைய நிழலுரு ஒன்று பக்கத்தில் நின்று நம் வெட்டையே திரும்ப வெட்டும். அவனுக்கென்று கேசி எட்வர்ட்ஸ் இசையமைத்து விக்டர் போர்பா பாடிய ‘பரி த லைட்’ ஒன்பது நிமிடத்துக்கு மேல் ஓடுகிற பாட்டு. சண்டையின் தரம் ஏற ஏற இசையும் அடுத்த கட்டத்துக்குத் தாவும். ‘எஸ்’ தரத்தை எட்டினால்தான் பல்லவி வெடித்துக் கிளம்பும். தரம் சரிந்தால் பாட்டு அடங்கிவிடும். ஆகவே பாட்டைக் கேட்க வேண்டுமென்றால் நன்றாக ஆட வேண்டும். நிதானமாக நடந்து, வீணாக வீசாமல், மானியை நிறைத்து ஆடினால் அந்தப் பல்லவி நம்மைச் சுற்றி எழும்பும்போது, இசைக்கு நாம் ஆடுகிறோமா நமக்கு இசை ஆடுகிறதா என்பதே தெரியாமல் போகும். உலகெங்கும் ரசிகர்கள் அவனை ஒரு வெள்ளை பிளாஸ்டிக் நாற்காலியில் உட்காரவைத்துப் படம் போட்டுக் கொண்டாடினார்கள். சிம்மாசனத்துக்கான அதே கம்பீரத்தோடு அதிலும் அமர்ந்திருப்பான். அவ்வளவு கேலியையும் தாங்கி மிடுக்குக் குலையாமல் இருக்கும் பாத்திரங்கள் சிலதான்.

ஐந்தாம் பாகத்தின் கடைசி மோதலில் டான்டேக்கும் வெர்ஜிலுக்கும் நடுவே நீரோ வந்து நிற்கிறான். தன் கையைப் பிய்த்தவன் தன் தகப்பன் என்று சற்று முன்னர்தான் தெரிந்திருக்கிறது அவனுக்கு. இருவரையும் சாகவிட மாட்டேன் என்று தகப்பனோடு மோதி ஜெயிக்கிறான். மகனிடம் தோற்ற வெர்ஜில், அடுத்த முறை தோற்க மாட்டேன் என்று சொல்லி, அதுவரை வைத்திரு என்று வியின் கவிதைப் புத்தகத்தை அவனிடம் கொடுக்கிறான். பிறகு அண்ணனும் தம்பியுமாக அசுர உலகத்துக்குள் குதிக்கிறார்கள். அருவி விளிம்பில் கையைக் கீறியவன் இப்போது தம்பியோடு சேர்ந்து விழுகிறான். அண்ணன் தம்பிக்கு இந்த வரிசை மூன்று பாகங்களைச் செலவழித்திருக்கிறது. அப்பன் மகனுக்குச் சில வசனங்களும் ஒரு புத்தகமும்தான் கிடைத்திருக்கின்றன. அது போதாது. நீரோவுக்கும் அவனுக்கும் இடையே ஆட வேண்டிய ஆட்டம் நிறைய மிச்சம் இருக்கிறது.

அதை ஆடவைக்கப் போகிறவர் இட்சுனோ இல்லை. முப்பது வருடத்துக்கு மேல் இருந்த கேப்காமைவிட்டு 2024 ஆகஸ்டு முடிவில் அவர் விலகிவிட்டார். ஆறாம் பாகம் எப்போது வந்தாலும் வேறு கைகளில்தான் வரும். புதியவர்கள் கோட்டின் நிறத்தை மாற்றட்டும், வேறு வாள் கொடுக்கட்டும், கதையை எங்கே வேண்டுமானாலும் கொண்டுபோகட்டும். ஓடினால் இறங்குகிற அந்த மானியை மட்டும் கழற்றிவிடக் கூடாது.